தி விக்கர் மேன்: திரையிடுவோரும் எழுதுவோரும் சறுக்கும் இடங்கள்

1973இல் வந்த இந்த பிரிட்டிஷ் திகில் படத்தைப் பற்றி வீடியோ போடுகிறவர்களும் சரி, ஃபிலிம் சொசைட்டியில் திரையிடுகிறவர்களும் சரி, விழுவது ஒரே பள்ளங்களில்தான். பெயர்ப் பிழை, ஆண்டுப் பிழையெல்லாம் இருக்கட்டும், திருத்திக்கொள்ளலாம்.

எந்தப் பதிப்பு என்று பாராமல் போடுவது

படம் முடியும் சமயத்தில் அதைத் தயாரித்த பிரிட்டிஷ் லயன் நிறுவனம் கைமாறியது. புது நிர்வாகத்துக்குப் படம் பிடிக்கவில்லை. 99 நிமிடம் 88 ஆகி, 'டோன்ட் லுக் நவ்' படத்துக்குத் துணைப்படமாக வெளியானது.

போனது நீளம் மட்டும் என்றால் பரவாயில்லை. முழுப் படத்தில், காணாமல்போன சிறுமியைத் தேடி வந்த போலீஸ்காரர் சார்ஜென்ட் ஹோவி தீவில் இரண்டு இரவு தங்குகிறார். முதல் இரவில் தீவின் தலைவர் லார்ட் சம்மரைல் ஒரு பையனை, ஹோவி தங்கும் விடுதிக்காரரின் மகள் வில்லோவிடம் அழைத்து வருகிறார். கீழே மதுக்கடையில் 'ஜென்ட்லி ஜானி' பாட்டு. மேலே ஹோவி மண்டியிட்டு ஜெபிக்கிறார். வெளியே பின்னிக் கிடக்கும் இரண்டு நத்தைகளின் குளோசப். மறுநாள் இரவுதான் வில்லோ சுவரைத் தட்டி ஆடுகிறாள். 88 நிமிடக் குறும்பதிப்பில் வந்திறங்கிய இரவே ஆட்டம். சம்மரைலாக நடித்த கிறிஸ்டோபர் லீ முகம் காட்டவே வெகு நேரம் ஆகிறது. இதைப் பார்த்துவிட்டு 'திரைக்கதை அவசரப்படுகிறது' என்று கதாசிரியர் ஆன்டனி ஷாஃபர் தலையில் பழி போடுவதுதான் எரிச்சல்.

டிவிடி உறையின் நிமிடக் கணக்கை நம்பாதீர்கள். பால் (PAL) என்ற பழைய டிவி முறையில், நொடிக்கு 24 ஃபிரேம் படம் 25இல் ஓடும். நீளம் 4 சதவீதம் சுருங்கும். 99 நிமிடம் 95 ஆகி, 1979 அமெரிக்கப் பதிப்பு (சுமார் 96 நிமிடம்) போலத் தெரியும். காட்சியை வைத்துப் பிரியுங்கள். 'ஜென்ட்லி ஜானி' இல்லையா, குறும்பதிப்பு. பாட்டும் உண்டு, தொடக்கத்தில் காவல் நிலையமும் உண்டு என்றால் 99. பாட்டு மட்டும் என்றால் 1979 பதிப்பு, அல்லது ஹார்வர்டு காப்பகப் பிரதியிலிருந்து வந்த 2013 'ஃபைனல் கட்'. அவை இரண்டையும் குழப்பிக்கொண்டால் பெரிய நஷ்டமில்லை.

99 நிமிடப் பதிப்பில் சில காட்சிகள் திடீரென மங்கும். ப்ரொஜெக்டரைத் திருக வேண்டாம். அந்தப் பகுதிகள் பழைய வீடியோ நாடாவிலிருந்து சேர்த்தவை.

'வெட்டிய காட்சிகளின் நெகட்டிவ் பிரிட்டனின் எம்3 நெடுஞ்சாலைக்கு அடியில் கிடக்கிறது'

நல்ல கதை. கதை என்றே சொல்லுங்கள்.

வசந்தத்தின் அழகை மெச்சுவது

கதை மே தினத்தில் நடக்கிறது. எடுத்ததோ 1972 இலையுதிர் காலத்தில், ஸ்காட்லாந்தின் காலோவே குளிரில். மரத்தில் இருப்பது ஒட்டவைத்த பூ. பேசும்போது வாயில் ஆவி தெரியக்கூடாது என்று நடிகர்கள் ஐஸ் கட்டியைச் சப்பிக்கொண்டு நின்றார்கள்.

வில்லோவின் ஸ்காட்டிஷ் உச்சரிப்பு

வில்லோவாக நடித்த பிரிட் எக்லண்டின் குரல் அல்ல. டப்பிங்.

'படத்தின் அருமையை 2013க்குப் பிறகுதான் கண்டுகொண்டார்கள்'

1977இலேயே 'சினிஃபென்டாஸ்டிக்' இதழ் இதைத் திகில் படங்களின் 'சிட்டிசன் கேன்' என்றது.

நிக்கோலஸ் கேஜ்

அவர் நடித்தது 2006இல் வந்த மறு ஆக்கம். வேறு படம்.