கூட்டு உடைந்த பிறகு கடை வாடகை யாருக்கு?

பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் ஜவுளிக் கடைகளுக்குக் கணக்கு எழுதுகிறவன் நான். கூட்டு முறிந்தால் வக்கீலிடம் போவதற்கு முன் இங்கேதான் வந்து உட்காருவார்கள். சரக்கையும் பாக்கியையும் எப்படியோ பிரித்துக்கொள்வார்கள். சேர்ந்து வாங்கி வாடகைக்கு விட்ட கட்டடத்தில்தான் முட்டிக்கொள்ளும்.

முதலில் மூலப் பத்திரத்தையும் கட்டடம் வாங்கிய வருஷத்து பேலன்ஸ் ஷீட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். பத்திரத்தில் இருவர் பெயர் இருந்தாலும், பணம் ஃபர்ம் (கூட்டு வியாபார நிறுவனம்) கணக்கிலிருந்து போய், ஃபர்மின் சொத்தாகவே காட்டி வந்திருந்தால், 1932ஆம் ஆண்டு கூட்டாண்மைச் சட்டப்படி அது ஃபர்மின் சொத்து என்று வாதிட இடமுண்டு. அப்படியானால் கணக்கு கேட்டுத்தான் வழக்கு. ஃபர்ம் கலைந்த தேதியிலிருந்து 3 வருஷம்தான் கெடு. தனித்தனியாகப் பணம் போட்டு வாங்கியதென்றால் பாகப்பிரிவினை வழக்கு. அதற்கு அந்த அவசரம் இல்லை. ஆனால் மற்றவர் உங்கள் உரிமையை வெளிப்படையாக மறுத்து, 12 வருஷம் தானே அனுபவித்துவிட்டால் சிக்கல். டீக்கடையில் பேசிப் பிரிந்தவர்களுக்குக் கலைந்த தேதியைக் காட்டவே ஆதாரம் இருக்காது. இன்றைக்காவது எழுத்தில் நோட்டீஸ் கொடுங்கள். கூட்டு ஒப்பந்தத்தில் மத்தியஸ்தர் தீர்ப்புக்குப் போகவேண்டும் என்று ஷரத்து இருக்கிறதா என்றும் பாருங்கள்.

அடுத்தது வாடகைக் கணக்கு. என் அனுபவத்தில் வழக்கின் பாதி பலம் இதில்தான். ஒருத்தர் நீள நோட்டு ஒன்று கொண்டுவந்தார். இடது பக்கம் கீழ்க்கடை, வலது பக்கம் மாடி கோடவுன். ஷட்டர் ரிப்பேர், மோட்டாருக்குக் காயில் கட்டியது, கார்ப்பரேஷனுக்கு அரையாண்டு சொத்து வரி எல்லாம் கழித்து, மாதக் கடைசியில் மீதி போட்டு, அடியில் கோடு. பார்க்கவே அழகு. ஆனால் குடித்தனக்காரர் கொடுத்த அட்வான்ஸ் யார் கையில் இருக்கிறது என்று ஒரு வரி இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் அதைத்தான் பிடித்துக்கொண்டார். அட்வான்ஸ் என்பது வருமானம் இல்லை, கடன்; குடித்தனக்காரர் காலி பண்ணும் அன்று இரண்டு பேர் கதவையும் தட்டுவார். ரொக்க வாடகைக்கு ரசீது கொடுங்கள்; 5,000 ரூபாய்க்கு மேல் போனால் ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டுங்கள்.

குடித்தனக்காரரை நடுவில் இழுக்காதீர்கள். பூட்டுப் போடுவது, கரண்டைப் பிடுங்குவது எல்லாம் நம் ஏரியாவில் சகஜம், ஆனால் கோர்ட்டில் உங்கள் பெயர்தான் கெடும். என் பங்கை என் கணக்கில் போடுங்கள் என்று ரிஜிஸ்டர் தபாலில் எழுதுங்கள், போதும். காலி செய்யச் சொல்லி ஒரு பங்காளர் மட்டுமே வழக்குப் போடலாம், ஆனால் மற்றவர் ஆட்சேபித்தால் அது நிற்பது கஷ்டம்.

வழக்கு என்று ஆகிவிட்டால், சொத்தின் மதிப்பைப் பார்த்து சிட்டி சிவில் கோர்ட்டா ஹைகோர்ட்டா என்று வக்கீல் சொல்வார். தாக்கல் செய்யும்போதே, வாடகை முழுவதையும் கோர்ட்டில் கட்டவோ, ரிசீவர் (சொத்தையும் வாடகையையும் பார்த்துக்கொள்ள கோர்ட் நியமிக்கும் ஆள்) போடவோ கேட்டு இடைக்கால மனு போடுங்கள். இல்லாவிட்டால் வழக்கு நடக்கிற காலமெல்லாம் மற்றவரே வசூல் செய்துகொண்டிருப்பார். பிராதில் (வழக்கு மனுவில்) "என்னை முழுசாக ஒதுக்கிவிட்டார்" என்று கோபத்தில் எழுதவைக்காதீர்கள். சொத்து இன்னும் இருவர் அனுபவத்திலும் இருந்தால் நிலையான சிறு கட்டணம். ஒதுக்கப்பட்டவர் என்றால் பங்கின் சந்தை மதிப்பில் கோர்ட் ஃபீஸ். உண்மை எதுவோ அதை அளந்து எழுதச் சொல்லுங்கள்.

பத்தடி முகப்புள்ள கடையைக் குறுக்கே சுவர் வைத்துப் பிரிக்க முடியாது. 1893ஆம் ஆண்டு பாகப்பிரிவினைச் சட்டப்படி, பாதி அல்லது அதற்கு மேல் பங்குள்ளவர் விற்கச் சொல்லிக் கேட்கலாம். அப்படிக் கேட்டால் மற்றவர் கோர்ட் மதிப்பிடும் விலைக்கு அந்தப் பங்கைத் தானே வாங்கிக்கொள்ளக் கேட்கலாம். ஆகவே விற்கச் சொல்லி மிரட்டுவதற்கு முன், கட்டடம் யாருக்கு வேண்டும் என்று யோசியுங்கள்.

ஹைகோர்ட் வளாகத்திலேயே சமரச மையம் இருக்கிறது. அங்கே முடிந்தால் கட்டிய கோர்ட் ஃபீஸ் திரும்பக் கிடைக்கும். ஒருவர் தன் பங்கை மற்றவருக்கு விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுப்பதாக முடிந்தால், சொந்தக்காரர்களுக்குள் எழுதும்போது கிடைக்கும் முத்திரைச் சலுகை கூட்டாளிகளுக்குக் கிடையாது. அந்தச் செலவை யார் தருவது, அட்வான்ஸ் யார் பொறுப்பு, கரண்டு இணைப்பையும் சொத்து வரியையும் எந்தத் தேதிக்குள் பெயர் மாற்றுவது என்பதையெல்லாம் கையெழுத்துப் போடும் முன் சமரச ஒப்பந்தத்திலேயே எழுதிக்கொள்ளுங்கள்.