ரெட் ஹாட் சில்லி பெப்பர்ஸ் ஆல்பங்களை இழப்பில்லா ஒலியில் கேட்பது எப்படி

1980-களின் தொடக்கத்தில் லாஸ் ஏஞ்சலிஸில் தொடங்கிய ரெட் ஹாட் சில்லி பெப்பர்ஸ் ராக் இசைக்குழுவின் ஆல்பங்களை, ஒலித் தரவு எதையும் இழக்காமல் சுருக்கும் ஃபிளாக் கோப்புகளாகச் சேர்க்க விரும்புவோர், கோப்பின் வடிவத்துக்கு முன்பாக அந்தப் பதிப்பின் மாஸ்டரிங்கை, அதாவது வெளியீட்டுக்கு முன் ஒலியளவையும் சமநிலையையும் இறுதி செய்த விதத்தை, கவனிக்க வேண்டும். இழப்பில்லாக் கோப்பு மூலத்தில் உள்ளதை அப்படியே தரும். அங்கு இருக்கும் பழுதையும் சேர்த்தே தரும்.

1999-இல் வெளியான ‘கலிஃபோர்னிகேஷன்’ இதற்குச் சரியான சான்று. அதன் சிடியிலிருந்து ஒரு பாடலை ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் திறந்து அலைவடிவத்தைப் பெரிதாக்கினால், டிரம் அடி விழும் இடங்களில் கூராக எழ வேண்டிய முகடுகள் கத்தரிக்கப்பட்டுத் தட்டையாக நிற்பதைக் காணலாம். ஒலியளவை எல்லைக்கு மேல் ஏற்றியதால் வந்த சிதைவு அது; எவ்வளவு விலையுயர்ந்த ஹெட்ஃபோனாலும் அதைப் போக்க முடியாது. இரண்டு ஆல்பங்களையும் ரிக் ரூபினே தயாரித்திருந்தும், 1991-இன் ‘பிளட் சுகர் செக்ஸ் மேஜிக்’ சிடியில் இந்த நெரிசல் இல்லை. ஃபிளீயின் பேஸும் சாட் ஸ்மித்தின் டிரம்ஸும் ஒன்றையொன்று மூடாமல் கேட்கின்றன. ஆகவே அதிலிருந்து தொடங்குவதே நல்லது. அதற்கு முந்தைய நான்கு ஆல்பங்களைப் பிறகு கேட்டுக்கொள்ளலாம். 2006-இன் ‘ஸ்டேடியம் ஆர்கேடியம்’ ஆல்பத்துக்கு, ஸ்டீவ் ஹாஃப்மனும் கெவின் கிரேயும் மாஸ்டரிங் செய்த வினைல் பதிப்பையே பரிந்துரைப்பேன்.

வாங்கிய சிடியைக் கணினியில் பிரதியெடுக்க எக்ஸாக்ட் ஆடியோ காப்பி என்ற மென்பொருள் போதும். அதில் அக்யூரேட்ரிப் வசதியை இயக்கினால், அதே சிடியைப் பிறர் பிரதியெடுத்தபோது கிடைத்த சரிபார்ப்பு எண்ணுடன் உங்களுடையது ஒத்துப்போகிறதா என்று தெரிந்துவிடும். 44.1 கிலோஹெர்ட்ஸ், 16 பிட் என்ற சிடியின் அளவுகளை உயர்த்தவேண்டாம். உயர்த்தினால் கோப்புதான் பருக்கும். ஃபிளாக்கின் 0 முதல் 8 வரையிலான சுருக்க நிலைகள் கோப்பின் அளவையும் அதை உருவாக்க ஆகும் நேரத்தையும் மட்டுமே மாற்றும், ஒலியை அல்ல. வேறிடத்தில் பெற்ற ஃபிளாக்கை, ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் திறக்கும்போது, எல்லாப் பாடல்களிலும் 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் வெறுமையாக இருந்தால், அது எம்பி3-இலிருந்து மாற்றப்பட்டது என்று சந்தேகிக்கலாம்.

கேட்கும்போது வயர் ஹெட்ஃபோனையே பயன்படுத்துங்கள். எஸ்பிசி, ஏஏசி ஆகிய புளூடூத் சுருக்க முறைகள் மட்டுமல்ல, 990 கேபிபிஎஸ் வரை செல்லும் எல்டேக் வழியாகக் கேட்டாலும் புளூடூத்தில் ஒலி இழப்புடனேயே சுருக்கப்படுகிறது. கடைசியாக, ஃபூபார்2000 என்ற இசை இயக்கியின் ஏபிஎக்ஸ் சோதனையில் (எது எதுவென்று தெரியாமல் கேட்டு வேறுபாட்டைக் கண்டறிவது), ஒரே ஃபிளாக்கிலிருந்து எடுத்த 320 கேபிபிஎஸ் எம்பி3-ஐ மூலத்துடன் ஒப்பிட்டுப் பாருங்கள். வேறுபாடு பிடிபடாவிட்டால், ஃபிளாக்கை வீட்டு வன்தட்டில் காப்பாக வைத்துக்கொண்டு ஃபோனுக்கு எம்பி3-ஐ அனுப்பலாம்.