பலபொருள் ஒருசொல்: பொருள் கொள்ளும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

மதுரையிலும் அதைச் சுற்றியுள்ள குன்றுகளிலும் ஒரே நாளில் 'பள்ளி' என்ற சொல்லை நான்கு பொருள்களில் சந்தித்துவிடலாம். காலையில் பிள்ளைகள் புத்தகப்பையுடன் போவது பள்ளிக்கு; நண்பகலில் காஜிமார் தெருவில் தொழுகைக்குக் கூடுவது பள்ளிவாசலில்; இரவில் மீனாட்சியம்மன் கோயிலில் சுந்தரேசுவரர் பல்லக்கில் எழுந்தருளுவது பள்ளியறைக்கு; மாங்குளத்துக் குன்றில் கற்படுக்கைகளோடு இருக்கும் குகைத்தளத்தை அங்கே வெட்டப்பட்டுள்ள பழந்தமிழ்க் கல்வெட்டு குறிப்பதும் 'பள்ளி' என்பதன் பழைய வடிவத்தால்தான். இந்த நான்கையும் நாம் குழப்பமின்றிக் கையாளுகிறோம். குழப்பம் தொடங்குவது, இவற்றுள் ஒன்றை மட்டும் உண்மைப் பொருள் என்று எடுத்துக்கொண்டு மற்றவற்றை அதிலிருந்து விளக்க முற்படும்போதுதான்.

மாங்குளத்துக்கு வருகிறவர்களிடம் 'சமண முனிவர்கள் பள்ளிக்கூடம் நடத்திய குகை' என்று விளக்கம் சொல்லப்படுவதைக் கேட்கலாம். கல்வெட்டில் அப்படி எதுவும் இல்லை. நெடுஞ்செழியனின் பணியாளனான கடலன் வழுதி என்பவன் கணி நந்தன் என்னும் துறவிக்காகச் செய்துகொடுத்த உறைவிடம் என்பதே அதன் செய்தி. கி.மு. 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது என்று கல்வெட்டறிஞர் ஐராவதம் மகாதேவன் கணித்த அந்த எழுத்துகளில் 'பள்ளி' என்பது துறவிகள் தங்கும், படுக்கும் இடம். அங்கே பாடமும் நடந்திருக்கலாம். ஆனால் அதைச் சொல்வது கல்வெட்டன்று, இன்றைய பள்ளிக்கூடத்தை மனத்தில் வைத்துக்கொண்டு கல்வெட்டைப் படிக்கும் நாம். பள்ளியறையில் கல்வி இல்லை, துயில்தான் உண்டு என்பதை இரவுப் பூசைக்கு நிற்கும் எவரும் அறிவர். இறந்த அரசனுக்கு எழுப்பிய கோயிலைப் பள்ளிப்படை என்கிறோமே, அங்கும் யாரும் பாடம் படிக்கவில்லை.

மொழி எல்லையைத் தாண்டினால் இந்தச் சொல் இன்னும் விரிகிறது. மலையாளத்தில் 'பள்ளி' என்றால் கிறித்தவர்களின் தேவாலயமும் உண்டு, முசுலிம்களின் பள்ளிவாசலும் உண்டு. அரசரும் தெய்வமும் செய்வனவற்றுக்கு அது முன்னொட்டாக வந்து, கேரளக் கோயில் திருவிழாக்களில் 'பள்ளிவேட்டை' ஆகிறது. கல்விக்கூடத்துக்கு அவர்களும் 'பள்ளிக்கூடம்' என்பார்கள் ஆகையால், ஞாயிற்றுக்கிழமை காலையில் பள்ளிக்குப் புறப்படும் கோட்டயத்துக்காரரைப் பார்த்து, விடுமுறை நாளில் என்ன பள்ளி என்று கேட்டுவிடக் கூடாது. தெலுங்கில் 'பல்லி', 'பல்லெ' என்பன சிற்றூரைக் குறிக்கும். கன்னடத்தில் பகரம் ஹகரமாகி 'ஹள்ளி' என்று ஊர்ப்பெயர்களின் ஈற்றில் நிற்கும். ஆகவே ஊர்ப்பெயரில் 'பள்ளி' இருப்பதை மட்டும் வைத்து அங்கே சமணப் பள்ளி இருந்தது என்று ஊர் வரலாறு எழுதுவது, நம் பக்கத்தில் அடிக்கடி காணக்கூடிய ஒரு தவறு. சமணப் பள்ளி இருந்ததற்குக் கல்வெட்டோ கற்படுக்கையோ சிற்பமோ சான்றாக வேண்டும். பெயர் மட்டும் போதாது.

ஊர்ப்பெயர் என்றதும் 'பட்டி' நினைவுக்கு வராமல் இராது. உசிலம்பட்டி, வாடிப்பட்டி, ஆண்டிபட்டி, கொட்டாம்பட்டி என்று நம் சீமையின் பாதி ஊர்கள் அதில்தான் முடிகின்றன. மலையாளத்தில் பட்டி என்றால் நாய். இந்தியில் கட்டுத்துணி, நீள்துண்டு. குமுளி வழியாக வரும் மலையாளிகள் பேருந்துப் பலகைகளைப் பார்த்துச் சிரித்தால் அதில் அவமதிப்பு எதுவும் இல்லை. நாமும் அவர்கள் ஊரில் குடிக்க 'வெள்ளம்' தருவதாகச் சொல்லும்போது சிரிக்கிறவர்கள்தானே.

வடசொல் என்றால் எங்கும் ஒரே பொருள் என்று நம்புவது

சொற்கள் அறவே வேறாக இருந்தால் நாம் எச்சரிக்கையாக இருப்போம், கேட்டுத் தெரிந்துகொள்வோம். தெரிந்த சொல் பிற மொழியில் வரும்போதுதான் கேட்கத் தோன்றுவதில்லை. இந்திய மொழிகளில் இந்த ஏமாற்றத்தை மிகுதியும் தருபவை வடமொழிவழி வந்த சொற்கள். 'அவசரம்' என்பதைப் பாருங்கள். வடமொழியில் தருணம், வாய்ப்பான வேளை என்பது அதன் பொருள். இந்தியும் மலையாளமும் வாய்ப்பு என்ற பொருளை வைத்துக்கொண்டன. தெலுங்கில் அது தேவை. சிங்களத்தில் அனுமதி. தமிழிலும் கன்னடத்திலும் விரைவு.

இது வெறும் அகராதி வேடிக்கையன்று. மாட்டுத்தாவணிப் பூ மார்க்கெட்டில் ஓர் ஆந்திர வியாபாரியிடம் மல்லிகை வேண்டுமா என்று கேட்டு, அவர் 'அவசரம் லேது' என்று சொன்னதாக வைத்துக்கொள்வோம். அவர் சொன்னது 'தேவையில்லை' என்று. நம்மவர் காதில் விழுவதோ 'அவசரமில்லை, மெதுவாகத் தந்தால் போதும்' என்று. பின்னவர் அப்படியே எடுத்துக்கொண்டு கூடையை ஒதுக்கி வைத்துக் காத்திருந்தால், வெயில் ஏறிய பிறகு அந்தப் பூ என்ன விலைக்குப் போகும் என்பதை மதுரைக்காரருக்குச் சொல்ல வேண்டியதில்லை. இருவரும் சரியாகவே பேசியிருக்கிறார்கள் என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது.

இந்தியில் 'உபன்யாஸ்' என்றால் புதினம். நமக்கோ உபன்யாசம் மண்டபத்தில் உட்கார்ந்து கேட்கும் சமயச் சொற்பொழிவு. 'சம்சாரம்' நமக்கு மனைவி, தெலுங்கருக்குக் குடும்பம், இந்திக்காரருக்கு உலகம், மலையாளிக்குப் பேச்சு. 'உங்களோடு சம்சாரிக்க வேண்டும்' என்று ஒரு மலையாளி சொன்னால் பேச வேண்டும் என்கிறார், அவ்வளவுதான். இந்தியில் கல்வியைக் குறிக்கும் 'சிக்ஷா', மராத்தி, தெலுங்கு, மலையாளம் ஆகியவற்றில் தண்டனை. தமிழில் நிலைமை இன்னும் சுவையானது: விவிலியத் தமிழில் சிட்சை தண்டனையாகவும், நாகசுரக் குடும்பங்களில் 'குருவிடம் சிட்சை' என்னும்போது பயிற்சியாகவும் ஒரே மொழிக்குள் இரண்டும் வாழ்கின்றன.

இவ்விடத்தில் இரண்டாவது தவறு ஒன்று முளைக்கும். வடமொழியில் என்ன பொருளோ அதுவே சரி, மற்ற மொழிகள் பிழையாக வழங்குகின்றன என்று தீர்ப்புச் சொல்வது. இதை நான் ஏற்பதில்லை. ஒரு சொல் எங்கிருந்து வந்தது என்பது அதன் வரலாறு; இன்று என்ன பொருளில் வழங்குகிறது என்பது வேறு கேள்வி. நம் வீடுகளில் சோற்றுக்குத் தொட்டுக்கொள்ளும் பொரியலையும் கூட்டையும் 'வெஞ்சனம்' என்கிறோம். வியஞ்சனம் என்ற அதே சொல் இந்திப் பாடநூலில் உணவு வகையையும் குறிக்கும், மெய்யெழுத்தையும் குறிக்கும். அதற்காக, உருளைக்கிழங்கு வெஞ்சனம் வைக்கும் அப்பத்தாவை இலக்கணப் பிழை செய்தவராக யாரும் கருத மாட்டார்கள்.

ஒலி ஒத்தால் உறவு என்று முடிவுகட்டுவது

கொரிய மொழியில் தந்தையை 'அப்பா' என்கிறார்கள். உடனே இரு மொழிகளும் ஒரே தாய்வயிற்றுப் பிள்ளைகள் என்று சொல்லிவிடுகிறோம். குழந்தையின் உதடுகள் முதலில் எளிதாக உண்டாக்கும் ஒலிகள் மகரமும் பகரமும் என்பதால், உலகின் பல மொழிகளில் பெற்றோரை அழைக்கும் சொற்கள் தம்முள் ஒத்திருக்கின்றன என்பதை மொழியியலாளர் ரோமன் யாக்கோப்சன் விளக்கியிருக்கிறார். ஜார்ஜிய மொழியில் 'மாமா' என்றால் தந்தை, 'தெதா' என்றால் தாய். ஒலி எளிதாகக் கிடைக்கிறது, அதை யார்மேல் ஏற்றுவது என்பதை அந்தந்தச் சமூகம் முடிவு செய்கிறது. பாரசீகத்தில் 'பத்' என்றால் கெட்டது, ஆங்கிலத்தில் 'பேட்' என்றாலும் கெட்டது, இவற்றுக்குள் உறவில்லை. ஆஸ்திரேலியப் பழங்குடி மொழியான ம்பபாரத்தில் நாய்க்கு வழங்கிய சொல் ஆங்கிலத்தின் 'டாக்' போலவே ஒலிப்பது, அதுவும் தற்செயல்தான். ஒரு சொல்லை மட்டும் வைத்து உறவு நாட்டக் கூடாது. பல சொற்களில் ஒரே வகையான ஒலிமாற்றம் ஒழுங்காக வரவேண்டும். தமிழில் 'பால்', கன்னடத்தில் 'ஹாலு'. தமிழில் 'புலி', கன்னடத்தில் 'ஹுலி'. மேலே கண்ட பள்ளியும் ஹள்ளியும் அந்த வரிசையில்தான் நிற்கின்றன.

உறவுமுறைச் சொற்களில் வேறொரு இடறலும் உண்டு, அதற்கு மொழி எல்லையைக்கூடத் தாண்ட வேண்டாம். மதுரைப் பக்கத்தில் சில வீடுகளில் 'ஐயா' என்பது தகப்பன், சில வீடுகளில் தாத்தா, அலுவலகத்தில் மரியாதை விளி. இராவுத்தர் வீடுகளில் தகப்பனை 'அத்தா' என்பார்கள். கீழக்கரையில் 'காக்கா' அண்ணன்; இந்தியிலும் மராத்தியிலும் 'காகா' சித்தப்பா; நமக்கோ கூரையில் கரைவது. திருமண அழைப்பிதழையோ வாரிசுப் பட்டியலையோ தயாரிக்கிறவர்கள் அழைக்கும் சொல்லைக் கேட்டு எழுதாமல், தாயின் உடன்பிறந்தவரா தந்தையின் உடன்பிறந்தவரா என்று உறவைக் கேட்டு எழுதுவது நல்லது.

பழைய ஏட்டில் இன்றைய பொருளைத் தேடுவது

'கறி' என்று மதுரையில் சொன்னால் இறைச்சி, அதிலும் பெரும்பாலும் ஆட்டிறைச்சி. கறிக்கடை, கறிசோறு, கறிதோசை எல்லாம் அவ்வகையே. அந்தணர் வீடுகளில் கறி என்பது காய்கறியால் செய்த பொரியல். வைணவர் அதைக் 'கறியமுது' என்பர். இலங்கையில் சோற்றோடு உண்ணும் எல்லாமே கறி. காய்கறிக்கு அவர்கள் 'மரக்கறி' என்று அடைகொடுத்துச் சொல்வார்கள். ஆங்கிலத்தில் அது மசாலைக் குழம்பானது. அவ்வழியே யப்பானுக்குப் போய்ச் சோற்றின்மேல் ஊற்றும் கெட்டிக் குழம்பாக நிலைத்தது. சங்கப் பாட்டில் இவற்றுள் எதையும் தேடக் கூடாது. அகநானூறு 149ஆம் பாட்டில், முசிறிக்கு வந்த யவனர் கலம் 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்று வருகிறது. அங்கே கறி என்பது மிளகு. இறைச்சியை ஏற்றிக்கொண்டு ரோமாபுரிக்குக் கப்பல் போனதாக எண்ணிவிட்டால் வணிக வரலாறே தலைகீழாகும்.

'நாற்றம்' என்பது ஆண்டாள் காலத்தில் நறுமணம், இன்று தமிழிலும் மலையாளத்திலும் கெட்ட வாடை. இது பலரும் அறிந்ததே. அதிகம் பேர் இடறுவது, பழமையே தோன்றாத ஆவணங்களில்தான். 'கச்சேரி' என்றால் இன்று நாம் பாட்டுக் கச்சேரியை நினைக்கிறோம். இந்தியிலும் பஞ்சாபியிலும் அது நீதிமன்றம். ஆங்கிலேயர் காலத் தமிழில் தாலுகா கச்சேரி என்றால் தாலுகா அலுவலகம். 1636இல் எழுந்த திருமலை நாயக்கர் மகாலில் பிற்காலத்தில் நீதிமன்றங்கள் இயங்கின. அக்காலத்துக் கடிதம் ஒன்றில் மகால் கச்சேரிக்குப் போய்வந்ததாகக் கண்டால், அங்கே வீணையும் மிருதங்கமும் இருந்திருக்கும் என்று எழுதிவிட வேண்டாம். எழுதியவர் பெரும்பாலும் வழக்குக்காக அலைந்தவராக இருப்பார்.

ஆங்கிலத்திலிருந்து வந்த சொற்களும் இப்படித்தான், அவற்றை விரித்துச் சொல்லத் தேவையில்லை. நம் ஹோட்டலில் பெரும்பாலும் சாப்பாடு உண்டு, அறை கிடையாது. மும்பையில் டிபன் என்பது டப்பாவில் போகும் மதியச் சாப்பாடு, நமக்கு இட்லி தோசை. வெளிநாட்டுப் பயணியிடம் ஆங்கிலச் சொல்தானே என்று நம்பிக்கையோடு சொல்லி, இராத்தங்கலுக்கு அவரை மெஸ் வாசலில் இறக்கிவிடக் கூடாது.

அகராதியின் முதல் பொருளை எடுத்துக்கொள்வது

சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்தது. அதில் ஒரு சொல்லுக்கு எண்ணிட்டு வரிசையாகப் பொருள்கள் தரப்பட்டிருக்கும். முதலில் நிற்பது இன்று மிகுதியாக வழங்கும் பொருளாக இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. எந்த எண்ணுக்குரிய பொருளை எடுப்பது என்பதை வாக்கியந்தான் சொல்ல வேண்டும். தொல்காப்பியர் இதற்கு வழி காட்டியிருக்கிறார். பலபொருள் ஒருசொல்லை வினையால் வேறுபடுவது, வினையால் வேறுபடாதது என்று அவர் இரண்டாகப் பிரிக்கிறார். முதல் வகையை அதனோடு வரும் வினை, இனம், சார்பு ஆகியவற்றால் தெளியலாம். 'மா பூத்தது' என்றால் மரம் என்று வினையே சொல்லிவிடுகிறது. 'மா வீழ்ந்தது' என்றாலோ மரமா விலங்கா என்று தெரியாது. அத்தகைய இடத்தில் எந்த மா என்பதை வெளிப்படையாகக் கூறிவிட வேண்டும் என்பது அவர் விதி.

மொழிபெயர்ப்புச் செயலியில் ஒற்றைச் சொல்லை இட்டுப் பொருள் கேட்பவர்கள் வினை, இனம், சார்பு என்ற இந்த மூன்றையும் அதற்குக் கொடுப்பதில்லை. சொல்லைத் தனியே இடாமல் முழு வாக்கியத்தையும், முடிந்தால் அதற்கு முன்னும் பின்னும் உள்ள வாக்கியங்களையும் சேர்த்து இட்டால் விடை பெரிதும் திருந்தும்.

வெளிப்படையாகக் கூற வேண்டிய இடங்களுள் முதன்மையானது ஆவணம். 'ராஜினாமா' என்பதில் உள்ள 'ராஜி' சம்மதம், 'நாமா' கடிதம். இந்தியிலும் உருதுவிலும் அது வழக்காடிய இருவர் இணங்கி எழுதும் சமரசப் பத்திரம். தமிழ், தெலுங்கு, கன்னடம், மராத்தி ஆகியவற்றில் பதவி விலகல். வடக்கே தலைமையகம் உள்ள நிறுவனத்தின் மதுரைக் கிளையில் பணிபுரிகிறவர், 'ராஜினாமா கொடுத்துவிட்டேன்' என்று மேலாளருக்கு இந்தியில் எழுதினால், யாரோடு என்ன தகராறு தீர்ந்தது என்று பதில் வரக்கூடும். அங்கே 'இஸ்தீஃபா' அல்லது 'த்யாக்பத்ர' என்று எழுத வேண்டும். தமிழில் எழுதும்போதும் 'பணியிலிருந்து விலகுகிறேன்' என்று எழுதி, எந்தத் தேதி முதல் என்பதையும் சேர்த்துவிட்டால், மொழிபெயர்ப்பவர் எந்த ஊர்க்காரராக இருந்தாலும் பொருள் மாறாது. கறிதோசைக்கு ஆங்கிலப் பலகை வைக்கும் மெஸ்காரர்களும் 'கறி' என்பதை அப்படியே விட்டுவிடாமல், தோசையின்மேல் கொத்திய ஆட்டிறைச்சியும் முட்டையும் இருக்கிறது என்று எழுதிவைப்பது நல்லது. சைவ உணவுக்காரர் குழம்பு தோசை என்று நினைத்து உட்கார்ந்துவிடும் வாய்ப்பு உண்டு.