எல்லாமே பழுப்பாக இருக்கும் ஏரியில் எந்த வாத்து எது?

அக்டோபர், நவம்பரில் பள்ளிக்கரணைக்கோ கூந்தன்குளத்துக்கோ போனால், பறவைக் கையேட்டில் பார்த்த பகட்டான ஆண் வாத்துகள் கண்ணில் படுவது அரிது. இனப்பெருக்கம் முடிந்ததும் ஆண்கள் அந்த இறகுகளை உதிர்த்துப் பெட்டையைப் போலவே பழுப்பாகிவிடும். பல வாத்துகள் அந்தக் கோலத்திலேயே வலசையாக இங்கே வந்து இறங்கும். ஊசிவால் வாத்துக்கும் கிளுவைக்கும் டிசம்பருக்குள் பெரும்பாலும் நிறம் திரும்பிவிடும். நீலச்சிறகி ஆணோ பிப்ரவரி வரைகூடப் பழுப்பாகவே திரியும். அதனால் உடல் நிறத்தை விட்டுவிட்டு அலகு, முகம், சிறகுப் பட்டை (இறக்கையின் பின்பகுதியில் உள்ள நிறப் பட்டை) என்ற வரிசையில் பாருங்கள்.

முதலில் வெயில். காலையில் கிழக்குக் கரையில் நின்றால் சூரியன் முதுகுக்குப் பின்னால் இருக்கும். எதிர்வெயிலில் பச்சைப் பட்டையும் கறுப்பாகத்தான் தெரியும். அலகின் ஆரஞ்சு நிறம் காணாமலே போகும். 8x42 பைனாகுலர் போதும். தூரம் நூறு மீட்டரைத் தாண்டினால் ஸ்பாட்டிங் ஸ்கோப் (முக்காலியில் வைக்கும் தொலைநோக்கி) இல்லாமல் பெட்டைகளைப் பிரிப்பது சிரமம்.

அதிகம் குழப்புகிற ஜோடி நீலச்சிறகியும் கிளுவையும். இரண்டும் சிறியவை: நீலச்சிறகி 37 முதல் 41 செ.மீ., கிளுவை 34 முதல் 38 செ.மீ. இந்த வித்தியாசம் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் நின்றால் மட்டுமே உதவும். முகத்தைப் பாருங்கள். நீலச்சிறகியின் முகம் கோடு போட்டது: கண்ணுக்கு மேலே வெளிர் புருவம், கண்ணை ஊடுருவும் கருங்கோடு, அதன் கீழே கன்னத்தில் இன்னொரு மங்கிய கோடு, அலகு தொடங்கும் இடத்தில் ஒரு வெளிர் புள்ளி. தொண்டை வெள்ளை. கிளுவைக்குக் கண்கோடு ஒன்றுதான் தெளிவாக இருக்கும். மற்றபடி முகம் வெறுமை. நீலச்சிறகியின் அலகு சற்று நீளம், முழுக்கச் சாம்பல். கிளுவையின் அலகு சிறியது. பெட்டைக்கு அதன் அடிப்பகுதியில் லேசான ஆரஞ்சு நிறம் இருக்கும்.

தலையை முதுகில் செருகித் தூங்கினால்? வாலின் பக்கவாட்டைப் பாருங்கள். அங்கே வெளிர் கீற்று ஒன்று நீளவாக்கில் ஓடினால் கிளுவை. நீலச்சிறகிக்கு அது கிடையாது.

சிறகுப் பட்டைதான் கடைசிச் சான்று. உட்கார்ந்திருக்கும்போது விலா இறகுகள் அதை மூடிவிடும். ஆகவே இறகு கோதும் பறவையையே கவனியுங்கள். கோதி முடித்ததும் பெரும்பாலும் எழும்பி ஒருமுறை சிறகடிக்கும். கிளுவைக்குப் பளீரென்ற பச்சை; அதன் முன்னோர வெள்ளைக்கோடு பின்னோரத்தைவிட அகலம். நீலச்சிறகிப் பெட்டையின் பட்டை மங்கலானது, பின்னோர வெள்ளைக்கோடுதான் அகலம். ஆணுக்கு இறக்கையின் முன்பகுதி வெளிர் நீலச்சாம்பல். பழுப்புக் கோலத்திலும் இது மாறாது. சேற்றுப் பூனைப்பருந்து வந்து கூட்டத்தைக் கிளப்பினால் உங்கள் அதிர்ஷ்டம். நீங்களாகக் கைதட்டி விரட்ட வேண்டாம். இரை தேடும் நேரத்தையும் ஓய்வையும் அது கெடுக்கும்.

மற்றவை இவ்வளவு படுத்தாது. தட்டைவாயனின் அலகு தலையைவிட நீளம், நுனியில் கரண்டிபோல் விரிந்திருக்கும். பழுப்புக் கோலத்து ஆணைக் காட்டிக்கொடுப்பது மஞ்சள் கண். ஊசிவால் பெட்டைக்குக் கழுத்து நீளம், அலகு சாம்பல், முகத்தில் கோடே இல்லை. நாமத்தலை வாத்துக்கு உருண்டைத் தலை, கறுப்பு நுனி கொண்ட குட்டை நீலச்சாம்பல் அலகு, வெள்ளை வயிறு. கருவால் வாத்துப் பெட்டையின் அலகோரம் ஆரஞ்சு, சிறகுப் பட்டை வெள்ளை. ஆனால் அந்த வெள்ளை சில பெட்டைகளுக்கு மிகச் சிறியது. தெரியவில்லை என்பதற்காகத் தள்ளிவிடாதீர்கள். ஆண்டு முழுதும் இங்கேயே இருக்கும் புள்ளிமூக்கு வாத்தைக் கறுப்பு அலகின் மஞ்சள் நுனியே சொல்லிவிடும்.

வழக்கமான தவறு அளவில்தான் நடக்கிறது. தனியே மிதக்கும் பறவையின் அளவைக் கண் ஊகிக்காது. பக்கத்தில் நாமக்கோழி (வெள்ளை நெற்றியுள்ள கறுப்பு நீர்ப்பறவை) இருந்தால் அதை அளவுகோலாக்குங்கள்: நீலச்சிறகி கிட்டத்தட்ட அதன் அளவு, புள்ளிமூக்கு வாத்து அதைவிட ஒன்றரை மடங்கு நீளம். அடுத்த தவறு, ஒரு கூட்டத்தில் நான்கைப் பார்த்துவிட்டு மீதியையும் அதே இனம் என்று எண்ணிப் பதிவது. நீலச்சிறகிக் கூட்டத்துக்குள் நாலைந்து கிளுவை கலந்திருப்பது சகஜம். முகமும் வாலும் சிறகும் தெரியாத பறவையை, பறவைப் பதிவுத் தளமான ஈபேர்டில் ‘வாத்து இனம்’ என்று மட்டும் போடுங்கள். ஊகித்து எழுதிய இனப்பெயரைவிட அது மேல்.