வியட்நாம் வீட்டுச் சமையல் வகுப்பு: அரை நாள் வீணாகும் இடங்கள்

வடக்கே ஹனோயிலோ நடுப்பகுதியில் ஹோய் ஆனிலோ ஒரு வீட்டு அடுப்படியில் அரை நாள் நின்று சமைத்துப் பழகுவது வியட்நாம் பயணத்தின் மிகச் சிறந்த பொழுதாக அமையலாம். அந்த அரை நாளில் கிடைக்க வேண்டியது செய்முறைத் தாள் அல்ல. அது எங்கே தேடினாலும் கிடைக்கும். நீங்கள் கலக்கிய கிண்ணத்தில் கரண்டியை விட்டு, "புளிப்பு பத்தாது, இன்னும் அரைக் கரண்டி" என்று சொல்ல ஒருவர் பக்கத்தில் இருப்பதுதான் அங்கே மட்டும் கிடைப்பது. கீழே வரும் தவறுகளில் பெரும்பாலானவை அந்த ஒன்றைத்தான் கைநழுவ விடுகின்றன.

பதிவு செய்யும்போதே நடக்கும் தவறுகள்

"வீட்டுச் சமையல்" என்று விளம்பரம் இருந்தாலும் போய்ப் பார்த்தால் பெரிய கூடம், வரிசையாக மேசைகள், இருபது பேர், நறுக்கி வைத்த காய்கள் என்று இருக்கலாம். அங்கே உங்கள் வேலை வாணலியில் கொட்டிக் கிளறுவதோடு முடிந்துவிடும். பணம் கட்டும் முன் மூன்று கேள்விகள் கேளுங்கள். மொத்தம் எத்தனை பேர்? ஆளுக்கு ஓர் அடுப்பா? நறுக்குவதிலிருந்து நாமே செய்வோமா? ஆறு பேருக்கு மேல் போனால் ஒவ்வொருவர் கிண்ணத்தையும் ருசி பார்த்துத் திருத்த சொல்லிக்கொடுப்பவருக்கு நேரம் இருக்காது.

அடுத்தது, ஆசைப்பட்டு ஃபோ என்கிற எலும்புச்சாறு நூடுல்ஸைத் தேர்ந்தெடுப்பது. மாட்டு எலும்பைப் பத்து நிமிடம் கொதிக்க வைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டி, எலும்பைக் கழுவி, மறுபடி புதுத் தண்ணீரில் சிறுதீயில் ஆறு மணி நேரமாவது போட்டால்தான் அந்தச் சாறு வரும். தீயைக் கூட்டித் தளதளவென்று கொதிக்க விட்டால் கலங்கிவிடும். நான்கு மணி நேர வகுப்பில் இதற்கு இடமே இல்லை. முதல் நாள் இரவே சாறு தயாராகி இருக்கும், நீங்கள் கிண்ணத்தில் அடுக்கி ஊற்றுவீர்கள். ஃபோவைத் தெருவோரக் கடையில் சாப்பிடுங்கள். வகுப்பில், வேண்டுமானால், இஞ்சியையும் வெங்காயத்தையும் தோலோடு நெருப்பில் சுட்டுக் கருக்குவதையும், அன்னாசிப்பூ, பட்டை, கறுப்பு ஏலக்காயை வெறும் சட்டியில் வறுப்பதையும் மட்டும் காட்டச் சொல்லலாம்.

ஹோய் ஆனின் காவ் லாவ் நூடுல்ஸுக்கும் இதே கதைதான். சாம்பல் தண்ணீரில் அரிசியை ஊறவைத்து அந்த நூடுல்ஸ் செய்வது அவ்வூரின் சில குடும்பங்களின் கைத்தொழில். வகுப்பில் வாங்கி வந்ததைத்தான் தருவார்கள்.

வகுப்புக்கு ஏற்றது வீட்டுச் சாப்பாடுதான்: சோறு, கான் என்கிற தெளிந்த குழம்பு, உப்புக் காரமாக ஒரு மீனோ கறியோ, ஒரு கீரை. கூடவே அந்த ஊருக்கே உரிய ஒன்று. ஹனோய் என்றால் சுட்ட பன்றிக்கறியோடு வரும் பூன் சா நூடுல்ஸ், நடுப்பகுதி என்றால் மஞ்சள் நூடுல்ஸான மீ குவாங், தெற்கே தோசை போன்ற பெரிய பான் ஸெயோ. ஹனோயில் போய்த் தெற்கத்திப் பண்டம் கேட்டால் செய்துகாட்டுவார்கள், ஆனால் அது அந்த வீட்டின் கைப்பழக்கமாக இருக்காது.

பல வகுப்புகள் சந்தைக்குப் போவதில் தொடங்கும், அதனால் காலை வகுப்பையே எடுங்கள். சந்தை விடியலில் களைகட்டி முற்பகலோடு ஓய்ந்துவிடும், மாலை வகுப்பினர் வாடிய கட்டுகளைத்தான் பார்க்க முடியும். ஜனவரி பிற்பகுதி முதல் பிப்ரவரி 20 வாக்கிற்குள் வரும் தேத் புத்தாண்டில் சில நாட்கள் சந்தையே இருக்காது. அக்டோபர், நவம்பரில் ஹோய் ஆனில் வெள்ளம் வருவதுண்டு, தேதியை மாற்ற முடியுமா என்று கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

"சைவம்" என்று ஒற்றைச் சொல்லில் முடித்துவிடுவது

நம்மவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான். "கறி சாப்பிட மாட்டேன்" என்றால் கறியை மட்டும் எடுத்துவிட்டு நுவொக் மம் என்கிற மீன் சாற்றை வழக்கம்போல ஊற்றுவார்கள். அவர்களுக்கு அது நம் வீட்டு உப்பு மாதிரி. "சாய்" என்பதுதான் அங்கே சைவத்துக்கான சொல். அது பௌத்த வழக்கத்திலிருந்து வருவதால், கண்டிப்பாகக் கடைப்பிடிப்பவர்கள் வெங்காயம், பூண்டைக்கூடத் தவிர்ப்பார்கள். உங்களுக்கு அவை ஆகும் என்றால் அதையும் சொல்லுங்கள், இல்லையென்றால் சப்பென்ற சாப்பாடு வரும்.

பொதுவாகச் சொல்லாமல் ஒவ்வொன்றாகப் பட்டியலிடுங்கள்: மீன் சாறு, இறால் விழுது, சிப்பிச் சாறு, பன்றிக் கொழுப்பு, ஹாட் நெம் என்கிற சுவைப்பொடி, முட்டை. இதில் ஹாட் நெம்மைத்தான் எல்லோரும் மறந்துவிடுகிறார்கள். கீரை வதக்கலில்கூட ஒரு சிட்டிகை போடும் பழக்கம் உண்டு, வழக்கமாகக் கிடைக்கும் பொட்டலங்களில் பன்றி எலும்புச் சாறு இருக்கும். காளானில் செய்த சைவப் பொடியும் கடையில் உண்டு, முன்கூட்டிச் சொன்னால் வாங்கி வைப்பார்கள்.

மாட்டிறைச்சியோ பன்றியோ ஆகாதவர்களும், நிலக்கடலை ஒவ்வாதவர்களும் ஊருக்கு ஏற்ற சொல்லைக் கேட்டு வைத்துக்கொள்ள வேண்டும். பன்றிக்கு வடக்கே "லொன்", தெற்கே "ஹேவ்". நிலக்கடலைக்கு வடக்கே "லாக்", தெற்கே "தாவ் ஃபொங்". ஒலி ஏற்ற இறக்கம் மாறினால் பொருளே மாறும் மொழி அது, அதனால் வாயால் சொல்வதை நம்ப வேண்டாம். தங்குமிடத்தில் வியட்நாமிய எழுத்தில் எழுதி வாங்கி, அந்தச் சீட்டைக் காட்டுங்கள். வகுப்பன்று காலையில் இல்லாமல் பதிவு செய்யும்போதே அனுப்புங்கள், ஏனென்றால் கறியை ஊறவைக்கும் மசாலாவில் மீன் சாறு முந்தின இரவே சேர்ந்திருக்கும்.

அவர்களுடைய சந்திர மாதத்தின் முதல் நாளிலும் பதினைந்தாம் நாளிலும், அதாவது நமக்கு அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி, பல வீடுகளில் சைவம்தான். சைவர்கள் அந்த நாட்களைப் பார்த்துப் பதிவு செய்தால் சந்தையில் டோஃபுவும் காளானும் வாழைப்பூவும் விதவிதமாகக் கிடைக்கும்.

சந்தையில் படம் எடுத்துக்கொண்டே நடப்பது

சந்தையில் கைபேசியை உள்ளே வைத்துவிட்டு மூக்கைப் பயன்படுத்துங்கள். ஒவ்வோர் இலையிலும் ஒன்றைக் கிள்ளி விரலில் கசக்கி முகருங்கள். ராவ் ராம் மல்லித்தழை போலத் தொடங்கி மிளகுக் காரத்தில் முடியும், கோழி சாலட்டுக்கு அது. அடிப்புறம் ஊதாவாக இருக்கும் தியா தோ, எலுமிச்சை வாசமுள்ள கின் யோய் இரண்டும் பூன் சா தட்டில் வரும். தியெப் காவில் மீன் வாடையே அடிக்கும், கட்டாயம் தின்று பார்க்க வேண்டும் என்பதில்லை. பெயரை எழுதும்போது பக்கத்தில் ஊரையும் எழுதுங்கள். நம்முடைய கொத்தமல்லித் தழைக்கே வடக்கில் ஒரு பெயர், தெற்கில் இன்னொன்று.

மீன் சாறு வாங்கும்போது புட்டியில் அச்சிட்டிருக்கும் "தோ தாம்" எண்ணைப் பாருங்கள். ஒரு லிட்டரில் எத்தனை கிராம் நைட்ரஜன் என்ற கணக்கு அது. எண் ஏற ஏறச் சாறு அழுத்தமானது. 35, 40 உள்ளதைத் தொட்டுக்கொள்ள வைத்துக்கொள்ளலாம், கொதிக்கும் குழம்பில் அதை ஊற்றுவது வீண். பொருட்பட்டியலில் நெத்திலியும் உப்பும் மட்டும் இருந்தால் பழைய முறையில் மரத்தொட்டியிலோ சாடியிலோ மாதக்கணக்கில் ஊறிய சரக்கு. சர்க்கரை, மணமூட்டி என்று பட்டியல் நீண்டால் அது வேறு. ஃபூ குவொக் தீவின் மீன் சாற்றுக்கு 2012-இல் ஐரோப்பிய ஒன்றியத்தின் புவிசார் பாதுகாப்பு கிடைத்தது.

அடுப்படியில்

நுவொக் சம் என்கிற தொட்டுக்கொள்ளும் சாறுதான் அந்தச் சமையலின் உயிர். அதைத்தான் எல்லோரும் "இதில் என்ன இருக்கிறது, கலக்குவதுதானே" என்று பக்கத்து ஆளிடம் விட்டுவிடுகிறார்கள். நீங்களே செய்யுங்கள், வரிசை மாறாமல். வெதுவெதுப்பான தண்ணீர் ஐந்து கரண்டி, சர்க்கரை ஒரு கரண்டி. முழுதும் கரைந்து ஆறியதும் எலுமிச்சைச் சாறு ஒரு கரண்டி. சூட்டில் பிழிந்தால் எலுமிச்சையின் வாசம் போய்விடும். இந்தக் கட்டத்தில் ருசி பாருங்கள்: குடிக்கத் தோன்றும் சர்பத் மாதிரி இருக்க வேண்டும். அதன் பிறகே மீன் சாறு, முதலில் முக்கால் கரண்டி, பிறகு சொட்டுச் சொட்டாக. முதலிலேயே மீன் சாற்றை ஊற்றிவிட்டால் உப்பு நாக்கை மூடிவிடும், இனிப்பும் புளிப்பும் எந்த அளவில் நிற்கின்றன என்று தெரியாது. பூண்டும் மிளகாயும் கடைசியில், கத்தியால் பொடியாக நறுக்கி. அம்மியில் நசுக்கினால் சாறு கலங்கும், பூண்டு காரம் ஏறும். தூவிய சிவப்பும் வெள்ளையும் மேலே மிதக்க வேண்டும்.

ருசியைக் கரண்டியில் எடுத்துத் தீர்மானிக்காதீர்கள். நூடுல்ஸ் இரண்டு இழை, ஓர் இலை முக்கிப் பாருங்கள், அப்போது சரியாக இருந்தால் சரி. இந்த ஐந்துக்கு ஒன்று என்ற அளவும் ஒரு தொடக்கம்தான். தெற்கில் இனிப்பு கூடும், பூன் சாவுக்கு ஹனோயில் தண்ணீர் கூட்டி வெதுவெதுப்பாகத் தருவார்கள்.

அடுத்து பான் ஸெயோ. தோசை ஊற்றிப் பழகிய கைக்கு இதில் ஒரு தடை உண்டு. மாவை ஊற்றியதும் கரண்டியின் அடிப்புறம் தானாக வட்டம் போடப் போய்விடும். போடக் கூடாது. கரண்டி பட்ட இடத்தில் மாவு ஒட்டிப் பிய்ந்து வரும். அரிசி மாவு 200 கிராம், மஞ்சள்தூள் ஒரு தேக்கரண்டி, உப்பு, தேங்காய்ப்பால் 100 மில்லி, தண்ணீர் 400 மில்லி, அரை மணி நேரம் ஊறல். புளிக்க வைப்பது கிடையாது. பதம் ரவா தோசை மாவைப் போல ஓட வேண்டும். சட்டியில் எண்ணெய் காய்ந்து, இறாலோ காளானோ வதங்கியதும், மாவை ஊற்றிய கணமே சட்டியைத் தூக்கிச் சுழற்றுங்கள். அப்போது எழும் "ஸெ...யோ" சத்தம்தான் பண்டத்துக்குப் பெயர். சத்தம் வரவில்லையென்றால் சூடு போதாது. முளைப்பயறு, வெந்த பாசிப்பருப்பு தூவி இரண்டு நிமிடம் மூடி, பிறகு மூடியை எடுத்து விளிம்பு சட்டியை விட்டு எழும்பும் வரை விடுங்கள். மூடியை எடுக்காமலே விட்டால் ஆவியில் தொய்ந்துபோகும். மாவு அடியில் படியும், ஒவ்வொரு முறையும் கலக்கி எடுக்க வேண்டும்.

சுருள் சுற்ற உதவும் மெல்லிய அரிசித்தாளைத் தண்ணீரில் ஊறவைப்பது எல்லோரும் செய்யும் தவறு. ஒரு சுற்று நனைத்து, இன்னும் விறைப்பாக இருக்கும்போதே எடுத்துவிடுங்கள். பலகையில் வைத்து இலை அடுக்குவதற்குள் தானே இளகும். தண்ணீரிலேயே இளகிவிட்டால் சுருட்டும்போது கிழியும். நெம் என்கிற பொரித்த சுருளுக்கு ஈரத்துணியால் துடைத்தாலே போதும். உள்ளே வைக்கும் காரட், முட்டைக்கோஸ் துருவலைப் பிழிந்துவிடுங்கள், இல்லையென்றால் நீர் விட்டு எண்ணெயில் வெடிக்கும்.

மீன் குழம்புக்கான நுவொக் மாவ், அதாவது சர்க்கரைக் கருக்கல், கண்ணால் மட்டுமே கற்கக்கூடியது. இரண்டு கரண்டி சர்க்கரை உருகி, தேன் நிறம் வந்ததும் பலர் பயந்து தீயை அணைத்துவிடுகிறார்கள், குழம்பு வெளிறி இனிக்கும். கறுத்த டிகாக்‌ஷன் நிறம் வரை போக வேண்டும், அதைத் தாண்டிச் சில நொடியில் கசந்துவிடும். சொல்லிக்கொடுப்பவர் "இப்போது" என்னும் கணத்தில் நிறத்தைப் பார்த்து வையுங்கள். உடனே வெந்நீர் ஊற்றுங்கள், பச்சைத் தண்ணீர் ஊற்றினால் மேலே தெறிக்கும்.

அளவு கேட்டால் "கொஞ்சம்" என்றுதான் பதில் வரும், நம் பாட்டிமார் சொல்வது போலவே. 15 மில்லி, 5 மில்லி கரண்டிகளைக் கையோடு கொண்டுபோய், அவர் ஊற்றும்போது இடையில் பிடித்து அளந்து எழுதுங்கள். தாளில் அச்சிட்ட அளவும் அவர் கையிலிருந்து விழும் அளவும் ஒத்துப்போவது அபூர்வம்.

செருப்பை வாசலில் விடுவது நமக்குப் புதிதல்ல. சோற்றில் குச்சியைச் செங்குத்தாகக் குத்தி வைக்காதீர்கள், இறந்தவருக்கு ஏற்றும் ஊதுபத்தி போல அது தோன்றும். சொல்லிக்கொடுப்பவர் கொஞ்சம் மூத்தவர் என்றால் "சி", அதாவது அக்கா. அம்மா வயதுக்காரர் என்றால் "கோ", அத்தை. முறை சொல்லிக் கூப்பிட்டதும் பேச்சு இளகும்.

ஊர் திரும்பிய பிறகு

மீன் சாற்றைக் கைப்பையில் போடாதீர்கள், 100 மில்லிக்கு மேல் போகாது. சில விமான நிறுவனங்கள் பெட்டியிலும் அனுமதிப்பதில்லை, வாங்கும் முன் கேளுங்கள். பச்சை இலை, வேர், விதை கொண்டுவந்தால் இந்தியாவில் தாவரத் தொற்றுத்தடைச் சட்டம் குறுக்கே வரும். அரிசித்தாள் வரலாம், கைப்பையில் படுக்கவைத்தால் உடையாது.

பான் ஸெயோவுக்கு இடியாப்ப மாவைப் போடாதீர்கள். வறுத்த மாவு தண்ணீரை அதிகம் குடித்து, மொறுமொறுப்பு வராமல் செய்துவிடும். பச்சரிசியை ஊறவைத்து நைசாக அரைத்தால் அவர்கள் மாவுக்குப் பக்கத்தில் வரும். எலுமிச்சைக்கு நம் ஊர்ச் சிறு எலுமிச்சையே பொருந்தும். தாய்லாந்து பேசில் இலை கிடைக்காவிட்டால் துளசியைப் போட வேண்டாம், அதன் கார வாசம் வேறு. திருநீற்றுப்பச்சிலையும் அந்தத் தாய்லாந்து பேசிலும் ஒரே செடியினம், சப்ஜா விதை தருவதும் அதுதான். தொட்டியில் விதை போட்டால் சில வாரங்களில் இலை கிள்ளலாம்.