விருந்தும் விண்மீனும்: சிங்கப்பூரில் ஒரு மாலை

விருந்து முடிந்து வானம் பார்க்கப் போவதென்றால், முதலில் நிலாவைப் பார்த்து நாள் குறியுங்கள். வளர்பிறை அரைநிலா நாள்தான் தோது: அந்தி சாயும்போதே அது உச்சிக்குப் பக்கத்தில் நிற்கும், பள்ளங்களின் நிழலும் கூர்மையாகத் தெரியும். பௌர்ணமியில் எல்லாம் தட்டையாகிவிடும். டிசம்பர், ஜனவரி மழை மாதங்களை நம்பாதீர்கள்.

இங்கே சூரியன் ஏழு மணியை ஒட்டி மறையும். வானம் முழுதாக இருட்ட எட்டேகால் ஆகும். ஆகவே ஆறரைக்கு மேசை, எட்டுக்குள் முக்கிய உணவு. இனிப்பைக் கடைசிக்கு ஒதுக்குங்கள். மேகம் வந்தால் இனிப்பை வைத்தே அரைமணி ஓட்டலாம்.

பலரும் சறுக்குவது பைனாகுலரில். ஏர்கான் குளிரிலிருந்து நேரே வெளியே எடுத்தால் கண்ணாடியில் ஈரம் பூத்துவிடும். துடைத்தால் மறுபடி பூக்கும், கீறலும் விழும். வெளியே கொண்டுவந்ததும் பைக்குள்ளேயே இருபது நிமிடம் விடுங்கள்.

மரினா பராஜ் அணைக்கட்டின் கூரையில் நகர விளக்குகளுக்கு முதுகு காட்டி, தெற்கே கடல் பக்கம் நில்லுங்கள். மே இறுதியில் ஒன்பது மணி வாக்கில், தொடுவானுக்கு மேல் நீட்டிய கையின் மூன்று முஷ்டி உயரத்தில் தென்சிலுவை விண்மீன் கூட்டம். பால்வீதியை எதிர்பார்க்காதீர்கள், நகர வெளிச்சம் விடாது. வியாழன் வானில் இருந்தால் 10x50 பைனாகுலரே (பத்து மடங்கு, 50 மி.மீ. முகப்புக் கண்ணாடி) அதன் நிலாக்களைக் காட்டும், கை ஆடாமல் சுவரில் ஊன்றினால். சனி வளையத்துக்குத் தொலைநோக்கி வேண்டும், குறைந்தது 25 மடங்கு. கண் இருட்டுக்குப் பழக, கைபேசியை மட்டும் பைக்குள் போடச் சொல்லுங்கள்.