மிதக்கும் தீவுகளைச் சத்தத்தால் செய்வது எப்படி

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில், எங்கள் கோயில் மண்டபத்தில், சனிக்கிழமை மாலை பிள்ளைகளுக்குக் கதை எழுதச் சொல்லித் தருகிறேன். வானத்தில் மிதக்கும் தீவுகளை வரையச் சொன்னால் எல்லாரும் ஒரே தீவைத்தான் வரைவார்கள். அடியில் கூரான பாறை, மேலே ஒரு மரம், ஓரத்தில் அருவி. எல்லாம் கார்ட்டூனில் பார்த்தது. அதனால் முதலில் பென்சிலைக் கொடுப்பதை நிறுத்திவிட்டேன். தீவைச் சத்தமே வரையட்டும், பிறகு நாம் அதில் குடியேறலாம்.

ஒரு சாண் வாயுள்ள எவர்சில்வர் சட்டி, கறுப்புக் குப்பைப் பை, பழைய சைக்கிள் டியூப்பில் வெட்டிய வளையம், சட்டிக்குள் அடங்குகிற புளூடூத் ஸ்பீக்கர், இரண்டு கரண்டி ரவை. கைப்பேசியில் வேண்டிய அதிர்வெண்ணில் ஒலி எழுப்பும் செயலி ஒன்று இருந்தால் போதும், இலவசமாகவே கிடைக்கிறது.

ரவையை வெறும் சட்டியில் வறுத்து ஆறவிடுங்கள். நம் ஊர் ஈரத்துக்குப் பொட்டலம் பிரித்த மறுநாளே அது ஒட்டிக்கொள்ளும், ஒட்டிய ரவை துள்ளாது. அரிசி மாவு வேண்டாம். மாவு நுண்ணியது. அதிரும் பரப்பின் மேல் சுழலும் காற்று அதை அள்ளிக்கொண்டு போய், ரவை விட்டோடும் இடத்திலேயே சேர்த்துவிடும். இதற்குக் காரணம் காற்றுதான் என்று ஆங்கில அறிவியலாளர் பாரடே 1831-இல் காட்டினார்.

ஸ்பீக்கரைச் சட்டிக்குள் வைத்து, பையைக் கிழித்து வாயில் போர்த்தி, டியூப் வளையத்தை மாட்டுங்கள். இழுப்பதில்தான் எல்லாமே இருக்கிறது. என் அப்பா தோட்டத்துக் கோயிலில் உறுமி வாசித்தவர். வார் பிடிக்கும்போது ஒரு பக்கம் இழுத்தால் அடுத்த இழுப்பு நேர் எதிர்ப்பக்கம். அப்படியே செய்யுங்கள். ஓரத்தைச் சுற்றி விரலால் தட்டிப் பாருங்கள், எங்கும் ஒரே சத்தம் வரவேண்டும். ஒரு பக்கம் தொளதொளவென்று இருந்தால் தீவுகள் எல்லாம் அங்கே போய் ஒதுங்கிவிடும்.

ரவையை மெல்லத் தூவி, 100 ஹெர்ட்ஸில், அதாவது நொடிக்கு நூறு அதிர்வில், தொடங்கிப் பத்துப் பத்தாக ஏற்றுங்கள். கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்காது. பிறகு ஓர் எண்ணில் ரவை சட்டென்று கொதிப்பதுபோல் துள்ளும். அங்கே நிறுத்துங்கள், குனிந்து பாருங்கள். நடுவில் இருக்கும் மணிகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு வெளியே ஓடும். சில மணிகள் ஒரு கோட்டை எட்டியதும் அடங்கிப்போகும். பின்னால் வருவது அதன் மேல் ஏறி உட்காரும். கொஞ்ச நேரத்தில் கறுப்புக் கடலில் வெள்ளை வளையம் நிற்கும். எண்ணை ஏற்ற ஏற்றக் கோடுகள் கூடும், தீவுகள் சிறுக்கும். வட்டமாகவே வந்தால் ஸ்பீக்கரை நடுவிலிருந்து ஓரத்துக்குத் தள்ளுங்கள். குறுக்குக் கோடுகளும் வரத் தொடங்கும்.

உலோகத் தகட்டில் மணல் தூவி, ஓரத்தை வில்லால் இழுத்து இந்த உருவங்களை வரவழைத்த ஜெர்மானிய அறிவியலாளர் சிளாட்னி 1787-இல் அவற்றை அச்சிட்டார். திருச்சியில் பிறந்த சி.வி. இராமன் 1934-இல் நம் மத்தளத் தோலின் மேலேயே மணல் தூவிப் பார்த்தார். பிள்ளைகளிடம் இதைச் சொல்லுங்கள், நிமிர்ந்து உட்காருவார்கள்.

இப்போது கதைக்கான முதல் சட்டம் தானாகக் கிடைத்துவிட்டது. அதிர்கிற இடத்தில் நிலம் இல்லை. அசையாத இடத்தில்தான் நிலம். சுருதி மாறினால் ஊர் இடம் பெயரும். மேலிருந்து ஒரு படம் எடுத்து, அதைப் பார்த்து வரைபடம் போடச் சொல்லுங்கள்.

அடுத்தது மிதப்பது. இதுவும் கற்பனை மட்டுமல்ல. ஆய்வகத்தில் 40,000 ஹெர்ட்ஸ் ஒலியை எதிரொலிக்கவிட்டு, தெர்மாக்கோல் மணிகளைக் காற்றில் ஒன்றன் கீழ் ஒன்றாக நிறுத்துகிறார்கள். நம் காதுக்கு அது கேட்காது. இடைவெளி அலைநீளத்தில் பாதி, ஏறக்குறைய 4 மில்லிமீட்டர். அதையே பெருக்கிப் பாருங்கள். தீவுக்குத் தீவு ஒரு கிலோமீட்டர் வேண்டுமென்றால், அலைநீளம் இரண்டு கிலோமீட்டர். ஒலி நொடிக்கு 340 மீட்டர் போவதால், அலை ஒன்றுக்கு ஏறக்குறைய ஆறு நொடி ஆகும். கரும்பலகையில் இந்தக் கணக்கைப் போட்ட அன்று ஓர் ஐந்தாம் ஆண்டுப் பையன் ஆறு எண்ணி மூச்சை இழுத்துவிட்டு, "டீச்சர், வானம் மூச்சு விடுது," என்றான். அதற்கு மேல் அவனுக்கு நான் எதுவும் சொல்லித் தரவில்லை.

சத்தம் நின்றால் தீவு விழும். அப்படியானால் அதை யார் ஊதுவது, ராத்திரி முறை யாருக்கு? கதை இங்கிருந்துதான் கிளம்பும். அவசரப்படாமல் பேசவிடுங்கள்.

கடைசியாக ஒவ்வொரு தீவுக்கும் ஒரு சத்தம். நம் ஊர்ச் சத்தமாக இருக்கட்டும். வெயில் காலத்தில் ரப்பர் காய் 'டப்' என்று வெடிக்கும், ஒரு காயில் மூன்று விதை. ஆகவே 'டப்' தீவு வெடிக்கும்போதெல்லாம் மூன்றாகப் பிரியும். உறுமித் தீவில் தோலைக் கோலால் தேய்ப்பதுபோல் நிலம் 'ம்ம்ம்' என்று முனகிக்கொண்டே நகரும். செம்பனை எண்ணெய் ஆலைச் சங்கு, மழை விழும் தகரக்கூரை, தோட்டத் தொழிலாளர்களை விடியலில் பேர் கூப்பிட அழைக்கும் பிரட்டு மணி.

பிரட்டு மணியை இந்தப் பிள்ளைகள் யாரும் கேட்டதில்லை. தொழிலாளர்கள் வரிசை வீடுகளில் குடியிருந்த லயமே போய்விட்டது. அந்தத் தீவை எடுத்துக்கொண்ட பெண்பிள்ளை வீட்டுக்குப் போய்ப் பாட்டியிடம் கேட்டிருக்கிறாள். அடுத்த வாரம் பாட்டியே மண்டபத்துக்கு வந்துவிட்டார். கோயில் தாழ்வாரத்தில் கிடந்த இரும்புக் குழாயை எடுத்து, ஒரு கையில் தொங்கவிட்டு, ஸ்பேனரால் நிதானமாக நான்கு தட்டு தட்டினார். ணங், ணங், ணங், ணங். சட்டியின் மேலிருந்த ரவை லேசாக அசைந்தது. "விடியக் காலையில இதுக்கு மின்னாடியே எழுந்திருக்கணும்," என்று சொல்லிக்கொண்டே இன்னும் ஒரு தட்டு தட்டினார். அந்தத் தீவின் வரைபடத்தில் ஐந்து வளையங்கள் இருக்கின்றன.